மரக்கரண்டி, சப்பாத்திப் பலகை, மத்து: கழுவிய பிறகு என்ன செய்கிறோம்?

சமையலறையில் மரச்சாமான் கெடுவது பெரும்பாலும் அடுப்பில் இல்லை, சிங்க்கில். ராத்திரி பத்துப் பாத்திரங்களோடு மரக்கரண்டியையும் குக்கருக்குள் போட்டு, தண்ணீர் ஊற்றி வைத்துவிட்டுக் காலையில் தேய்க்கிற வீட்டில், நல்ல தேக்குக் கரண்டிகூட ஒரு வருஷத்தில் முனை கறுத்து, நார் பிரிந்து, பாயசத்தைக் கிண்டினால் நேற்றைய சாம்பார் வாசனை அடிக்கும். அதே கரண்டி, சமைத்த கையோடு அலசித் துடைத்துக் காற்றில் மாட்டுகிற வீட்டில் பத்து வருஷம் உழைக்கும். எதைப் போட்டுத் தேய்க்கலாம், உப்பா, எலுமிச்சையா, வினிகரா என்றுதான் எல்லாரும் கேட்கிறார்கள். எப்படிக் காயவைப்பது என்று கேட்பவர் குறைவு. விஷயத்தில் பாதிக்கு மேல் அங்கேதான் கிடக்கிறது.

மரத்தை உள்ளே பார்த்தால் நெருக்கிக் கட்டிய ஸ்ட்ரா கட்டு மாதிரி. குழாய்கள் அத்தனையும் மரம் நின்ற திசையில் ஓடும். தண்ணீர் பக்கவாட்டில் மெதுவாகத்தான் நுழையும். அறுத்த முனை வழியாக மடமடவென்று ஏறிவிடும். கரண்டியின் கைப்பிடி நுனி, பலகையின் இரண்டு குறுக்கு ஓரம், மத்தின் அடி, இவைதான் தண்ணீர் குடிக்கிற வாய்கள். விரிசல் எப்போதும் முனையில் ஆரம்பிப்பதும் அதனால்தான். ஈரம் குடித்த மரம் அகலத்தில் உப்பும். நீளத்தில் அநேகமாக மாறாது. அகலத்திலும் எல்லாப் பக்கமும் ஒரே அளவு கிடையாது. வளையத்தை ஒட்டி உப்புவது, நடுத்தண்டிலிருந்து வெளியே போகிற திசையில் உப்புவதைப் போல ஏறக்குறைய இரண்டு மடங்கு. வட்டமாகக் கடைந்த பூரிக்கட்டை நாளாவட்டத்தில் லேசாக முட்டை வடிவம் எடுப்பது இந்தக் கணக்கால். தண்ணீர் படாவிட்டாலும் மரம் சும்மா இருப்பதில்லை. கடலோர ஊரில் காற்றின் ஈரப்பதம் 75, 80 சதவீதம் இருக்கிற நாட்களில் மரத்துக்குள் 14, 15 சதவீதம் ஈரம் நிற்கும். உள்நாட்டுக் கோடையில், காற்று ஈரம் 40 சதவீதத்துக்கு இறங்கினால், மரத்தில் 8 சதவீதம்கூடத் தங்காது. சென்னையில் ஒழுங்காக இருந்த பலகை சேலத்துக்குப் போனதும் வளைந்தால், செய்தவரைத் திட்டிப் பிரயோஜனம் இல்லை.

தினப்படி வேலை சின்னதுதான். சமைத்து முடித்ததும், குழம்பு காய்வதற்கு முன், குழாய்த் தண்ணீரில் காட்டி, ஒரு சொட்டு பாத்திரம் கழுவும் திரவத்தோடு தேங்காய் நாரிலோ பீர்க்கம் நாரிலோ நார் ஓடும் திசையிலேயே தேய்க்க வேண்டும். இரண்டு நிமிஷத்துக்கு மேல் மரம் தண்ணீருக்குள் கிடக்கக் கூடாது. ஸ்டீல் நார் பக்கமே போக வேண்டாம். அதிலிருந்து உடைகிற துணுக்கு மரத்தின் துளையில் சிக்கித் துருப்பிடித்து, ஒரு வாரத்தில் கரும்புள்ளியாகும். பூஞ்சை என்று நினைத்து வினிகரைக் கொட்டிக்கொண்டிருப்போம். கழுவியதும் உலர்ந்த துணியால் துடைத்துவிட்டால் காய்வதற்கு ஆகும் நேரம் பாதியாகும். கரண்டிகளைத் தலை மேலே இருக்கும்படி நிறுத்தலாம், ஆனால் நிறுத்துகிற டப்பாவின் அடியில் ஓட்டை இருக்க வேண்டும். இல்லாவிட்டால் எல்லாக் கரண்டியின் ஈரமும் கீழே தேங்கி, கைப்பிடி நுனிகள் அதில் ஊறும். ஹார்லிக்ஸ் பாட்டிலில் கரண்டி நிறுத்தும் வீடுகளில் கைப்பிடி நுனி கொழகொழத்துக் கறுத்திருப்பதைப் பார்க்கலாம். ஆணியில் மாட்டுவது இதைவிட மேல்.

பலகையை ஒருபோதும் கிரானைட் மேடையில் படுக்கப்போட்டுக் காயவைக்காதீர்கள். மேல்பக்கம் காயும், கீழ்ப்பக்கம் ஈரத்தோடு உப்பியே இருக்கும். சுருங்கிய பக்கம் உள்வாங்கிக் கிண்ணம் மாதிரிக் குழியும். நீள ஓரம் கீழே இருக்கும்படி, சுவரிலிருந்து இரண்டு விரல் இடைவெளி விட்டு நிறுத்தினால் இரண்டு பக்கமும் ஒரே வேகத்தில் காயும். மேல்பக்கம் மட்டும்தான் அழுக்கு என்றாலும் இரண்டு பக்கத்தையும் நனைத்துத் துடைப்பது இதற்காகத்தான். நடு மதிய வெயில் வேண்டாம். காற்றோட்டமுள்ள நிழலில் ஒரு ராத்திரி போதும். பாத்திரம் கழுவும் மெஷினில் மரம் எதுவும் போகக் கூடாது. காரத்தன்மையுள்ள சலவைப் பவுடர், கொதிக்கிற தண்ணீர், கடைசியில் சூடான உலர்த்தல், மூன்றும் சேர்ந்து ஒட்டுப் பலகைகளைப் பிளந்துவிடும்.

ஏற்கனவே குழிந்த பலகையைத் திருப்பலாம். குழிந்த பக்கம் கீழே இருக்கும்படி ஈரத்துணிமேல் வைத்து, மேலே அம்மிக்குழவி மாதிரிக் கனமாக ஏதாவது வைத்து ஒரு ராத்திரி விடுங்கள். காலையில் நேரானால் உடனே எடுத்து நிறுத்திக் காயவைக்க வேண்டும். இன்னும் கொஞ்சம் இருக்கட்டும் என்று விட்டால் எதிர்ப்பக்கம் வளையும்.

சப்பாத்திப் பலகைக்கு ஒரு தனிக் குணம் உண்டு: அதைத் தினமும் கழுவவே தேவையில்லை. தேய்த்து முடித்ததும் ஒட்டியிருக்கிற மாவை உலர விட்டு, தோசைத்திருப்பியின் ஓரத்தையோ பழைய ஏடிஎம் கார்டையோ சாய்த்துப் பிடித்துச் சுரண்டி, உலர்ந்த துணியால் தட்டிவிட்டால் போதும். வாரத்துக்கு ஒரு தடவை கழுவலாம். கழுவும்போது முதலில் பச்சைத்தண்ணீர்தான். கோதுமை மாவின் ஸ்டார்ச் 60 டிகிரி செல்சியஸை ஒட்டி வெந்து கூழாகத் தொடங்கும். வெந்நீரை ஊற்றினால் பலகையிலேயே பசை காய்ச்சிய கதையாகிவிடும். பசை மரத் துளையில் இறங்கிக் காய்ந்தால் அடுத்த முறை சப்பாத்தி அங்கேயேதான் ஒட்டும். பலகையின் அடியில் மூன்று கால் ஆணியடித்திருந்தால் அந்த ஆணியைச் சுற்றி ஈரம் நிற்காமல் துடையுங்கள். உள்ளே கம்பியில் சுழலும் பூரிக்கட்டைக்கு இன்னும் கவனம் வேண்டும்: கம்பித் துளைக்குள் போன தண்ணீர் வெளியே வராது. வாங்குவதென்றால் ஒரே கட்டையில் கடைந்தது நல்லது. சுழலும் கட்டைதான் இருக்கிறது என்றால் ஈரத்துணியால் துடைப்பதோடு நிறுத்திக்கொள்ளலாம்.

அடுத்து மஞ்சள். வெள்ளை மரத்தில் செய்த புதுக் கரண்டியை ஒரே ஒரு தடவை சாம்பாரில் போட்டாலே மஞ்சள் ஏறிவிடும். சோப்பு போட்டுத் தேய்த்தால் மஞ்சள் போகாது. அந்த இடம் செம்பழுப்பாக மாறும். பயப்பட ஒன்றுமில்லை. ஆரத்திக்கு மஞ்சள் தண்ணீரில் சுண்ணாம்பைக் கலந்ததும் சிவக்கிறதே, அதேதான் இது. மஞ்சளின் நிறப்பொருளான குர்குமின் காரத்தில் சிவக்கும், புளிப்பில் மறுபடி மஞ்சளாகும். எலுமிச்சைச் சாற்றைத் தடவினால் சிவப்பு போகும், கறை போகாது. அது தண்ணீரில் கரைவது மிகச் சொற்பம், எண்ணெயில் நன்றாகக் கரையும்; தாளிப்பு எண்ணெயோடு சேர்ந்துதான் மரத்துக்குள்ளேயே போயிருக்கிறது. எடுப்பதும் எண்ணெயால்தான். அரை ஸ்பூன் தேங்காய் எண்ணெயைக் கறைமேல் தேய்த்துப் பத்து நிமிஷம் விடுங்கள். எண்ணெய் மஞ்சளாக மாறியதும் ஒரு ஸ்பூன் கடலை மாவைத் தூவி, விரலால் தேய்த்து உதிர்த்துவிட்டு, சோப்புத் தண்ணீரில் அலசுங்கள். மிச்சத்தை வெயில் பார்த்துக்கொள்ளும். குர்குமினுக்கு வெளிச்சம் ஆகாது. காலை எட்டு மணி வெயிலில் இரண்டு மணி நேரம் என்று மூன்று நாள் வைத்தால், மிரட்டிக்கொண்டிருந்த மஞ்சள் வெளுத்துப்போகும். பிளீச்சிங் திரவமும் நிறத்தை எடுக்கும், ஆனால் மரத்தின் மேல்தோலைச் சொரசொரப்பாக்கி, அடுத்த கறை இன்னும் ஆழமாக இறங்க வழி செய்துவிடும். பீட்ரூட் கறை இவ்வளவு பிடிவாதம் இல்லை. தண்ணீரிலேயே பெரும்பகுதி போய்விடும்.

கறுப்புக் கறைக்கு வேறு காரணம். ஈர இரும்புக் கடாயைப் பலகைமேல் வைத்தாலோ, அரிவாள்மணையின் அலகைத் துடைக்காமல் விட்டாலோ, தொட்ட இடம் மை பூசியதுபோல் கறுக்கும். தேக்கு, புளி, வேல மரங்களில் துவர்ப்புச் சத்து இருக்கிறது. அது இரும்போடும் ஈரத்தோடும் சேர்ந்தால் கறுப்பு. கடுக்காயையும் இரும்பையும் சேர்த்து மை காய்ச்சியதும், கடுக்காய் ஏற்றிய கலம்காரித் துணியில் இரும்புக் கரைசலால் கறுப்புக்கோடு இழுப்பதும் இதே வித்தைதான். சோப்பு இதை அசைக்காது. அரை மூடி எலுமிச்சையைக் கறைமேல் அழுத்தித் தேய்த்து, சாறு ஊற 15 நிமிஷம் விட்டுக் கழுவினால் புதுக் கறை போகும். பழையது மங்கும், முழுசாகப் போகாது.

வாழைக்காய், வாழைப்பூ, பலாக்காய் நறுக்குவதற்கு முன் கத்திக்கு எண்ணெய் தடவுகிறோமே, பலகைக்கும் ஒரு கை தடவிவிடலாம். பால் பட்ட பிறகு தண்ணீர் ஊற்றினால் கெட்டிப்பட்டு ஒட்டிக்கொள்ளும். முதலில் எண்ணெய்த் துணி, அப்புறம்தான் சோப்பு.

வாடைக்கு வருவோம். மீன் வாடைக்குப் புளிப்பு சரி, ஏனென்றால் அந்த நாற்றத்தைத் தருபவை காரத்தன்மையுள்ள அமீன்கள். ஒரு மேஜைக்கரண்டி கல்லுப்பைத் தூவி, வெட்டிய எலுமிச்சையால் இரண்டு நிமிஷம் தேய்த்து, ஐந்து நிமிஷம் விட்டு அலசலாம். பூண்டு, வெங்காயத்துக்குச் சமையல் சோடா: ஒரு மேஜைக்கரண்டி சோடாவில் ஒரு ஸ்பூன் தண்ணீர் விட்டுக் குழைத்துப் பூசி, ஐந்து நிமிஷத்துக்குள் கழுவிவிடுங்கள். அதற்கு மேல் விட்டால் துவர்ப்புள்ள மரம் நிறம் கறுக்கும். சோடாவையும் எலுமிச்சையையும் ஒன்றாகப் போட்டு நுரை பொங்கவிடுவது கண்ணுக்குத்தான் விருந்து. இரண்டும் ஒன்றையொன்று முறித்துக்கொண்டு வெறும் உப்புத் தண்ணீர் மாதிரிதான் மிஞ்சும்.

மரப்பலகையில் கறி வெட்டலாமா என்ற சந்தேகம் தீர்ந்தபாடில்லை. அமெரிக்காவில் டீன் கிளிவர் என்ற நுண்ணுயிர் ஆராய்ச்சியாளரும் கூட்டாளிகளும் மரப்பலகையையும் பிளாஸ்டிக் பலகையையும் ஒப்பிட்டு 1994இல் வெளியிட்ட ஆய்வில், மரத்தின் மேல் வைத்த பாக்டீரியா துளைகளுக்குள் உறிஞ்சப்பட்டு, மேற்பரப்பில் திரும்ப எடுக்க முடியாதபடி குறைந்துபோனதைக் காட்டினார்கள். கத்தி கீறிய பிளாஸ்டிக்கில் அந்தக் கீறல்களைச் சுத்தம் செய்வதுதான் சிரமமாக இருந்தது. அதற்காக ஈரப் பலகையிலேயே கோழியை வெட்டிவிட்டுத் தக்காளியை நறுக்கலாம் என்று அர்த்தம் இல்லை. மரம் உறிஞ்ச வேண்டுமென்றால் அது காய்ந்திருக்க வேண்டும். அசைவத்துக்குத் தனிப் பலகை வையுங்கள். வெட்டியதும் சோப்பு, வெந்நீரில் கழுவி, ஒரு லிட்டர் தண்ணீருக்கு 5 மி.லி. அளவில் வாசனை சேர்க்காத பிளீச்சிங் திரவம் கலந்து ஊற்றி, சில நிமிஷம் விட்டு, நல்ல தண்ணீரில் அலசிக் காயவைக்கலாம். அன்றைக்கு வினிகர், எலுமிச்சை எதுவும் அதோடு சேரக் கூடாது. குளோரின் வாயு கிளம்பும், மூச்சு அடைக்கும். கறிக்கடைகளில் புளியங்கட்டையைக் குறுக்கே அறுத்து நிறுத்தியிருப்பார்கள். கத்தி நார்களுக்கு இடையில் இறங்கி வெளியே வருவதால் கட்டையும் தாங்கும், கத்திமுனையும் தாங்கும். கடைக்காரர் அதை ஊறவைப்பதில்லை, கத்தியால் சுரண்டித்தான் எடுப்பார்.

மத்தில் அழுக்கு தங்குகிற இடம் இரண்டு. தலையின் இதழ்களுக்கு நடுவே உள்ள பள்ளம், தண்டு தலைக்குள் இறங்குகிற மூட்டு. தயிர் கடைந்ததும் வெந்நீரில் போட்டால் பால் புரதம் வெந்து பள்ளத்தில் ஒட்டிவிடும். முதலில் பச்சைத்தண்ணீரில் நிற்கிற மாதிரிப் பிடித்துச் சிலுப்பி, மோரெல்லாம் போன பிறகு, வெண்ணெய்ப் பிசுக்குக்கு வெதுவெதுப்பான தண்ணீரும் சீயக்காய்த்தூளும். பழைய டூத்பிரஷ் பள்ளத்துக்குள் போகும். சாம்பல் போட்டுத் தேய்ப்பது பழைய பழக்கம். பிசுக்கு போகும், ஆனால் சாம்பல் காரம், மரம் வெளிறியோ கறுத்தோ போகும். சீயக்காய்க்கு அந்தத் தொல்லை இல்லை. பிறகு மத்தைத் தலைகீழாகக் கயிற்றில் தொங்கவிடுங்கள். டம்ளரில் நிறுத்தினால் மூட்டில் நீர் தேங்கி, அடுத்த வாரமே புளிச்ச வாடை வரும்.

மூட்டு என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். அரிவாள்மணையின் அலகு ஆடினாலும், கரண்டிக் காம்பு கழன்றாலும், மண்வெட்டிப் பிடி மாதிரியே தண்ணீரில் ஊறப்போடுவார்கள். உப்பி இறுகும், அன்றைக்குச் சரியாகிவிட்டதுபோல் இருக்கும். ஆனால் உப்ப இடமில்லாத மரம் இரும்போடு முட்டி, தன் நார்களையே நசுக்கிக்கொள்கிறது. காய்ந்து சுருங்கும்போது முன்பு இருந்ததைவிடச் சிறுத்துப்போகும். மறுபடி ஆடும், மறுபடி ஊறப்போடுவோம்; நாலாவது தடவை அலகு கையோடு வந்துவிடும். ஆடுகிற அரிவாள்மணையில் காய் நறுக்குவது ஆபத்தும்கூட. சரியான வழி ஆப்பு. அலகைக் கழற்றி, துளையையும் அலகின் அடியையும் உலரத் துடைத்து, இரண்டு நாள் நிழலில் விடுங்கள். முழுக்கக் காய்ந்த கெட்டி மரத்திலோ மூங்கிலிலோ, ஒரு பக்கம் தாள்போல் மெலிந்து மறுபக்கம் 3 மி.மீ. பருத்த சீவல் ஒன்றைச் சீவி, அலகோடு சேர்த்து நார் ஓடும் திசையில் இறுக்கமாக அடித்து, மிச்சத்தை நறுக்கிவிட வேண்டும். குறுக்குத் திசையில் அடித்தால் மணை பிளக்கும். ஆணியை ஆப்பாக அடிக்கிறவர்களும் இருக்கிறார்கள். துருவும் கறுப்பும் கூடவே வரும். தகடும் போல்ட்டும் வைத்த அரிவாள்மணையாக இருந்தால் இந்தப் பாடு இல்லை, ஸ்பேனரால் முறுக்கினால் தீர்ந்தது.

முறுக்கு நாழியும் மர இடியாப்ப உரலும் தீபாவளிக்கு எடுத்து, அடுத்த தீபாவளி வரை பரணில் இருப்பவை. கெடுதலும் பரணில்தான். மாவில் சேர்த்த எண்ணெயும் வெண்ணெயும் மரத்தில் தங்கி, காற்றுப் பட்டுப் பட்டுச் சிக்கு வாடை அடிக்க ஆரம்பிக்கும்; அந்த வருஷ முறுக்கில் காறல் ருசி வந்தால் எண்ணெயைக் குறை சொல்லாமல் நாழியை முகர்ந்து பாருங்கள். வேலை முடிந்த அன்றே பித்தளை அச்சைக் கழற்றி, துளைகளை ஊசியால் குத்தி எடுத்துவிட வேண்டும். நாழியின் உட்புறத்தில் கடலை மாவைத் தூவி ஒரு மணி நேரம் விட்டால் எண்ணெயை இழுத்துக்கொள்ளும். துடைத்துவிட்டு, வெதுவெதுப்பான தண்ணீரில் சீயக்காய் போட்டு ஒரே முறை கழுவி, உலக்கையையும் நாழியையும் தனித்தனியாக மூன்று நாள் நிழலில் காயவைக்கலாம். ஈரத்தோடு ஒன்றுக்குள் ஒன்றைச் செருகி வைத்தால் உப்பி இறுகிக்கொள்ளும். அப்படி இறுகியதைச் சுத்தியலால் அடிக்காதீர்கள். காற்றாடிக்குக் கீழே இரண்டு நாள் கிடந்தால் தானாக விடும். பரணில் வைக்கும்போது பிளாஸ்டிக் கவர் வேண்டாம், பருத்தித் துணி போதும்.

எண்ணெய் பூசுவதில்தான் அபிப்பிராய பேதம் அதிகம். தேங்காய் எண்ணெய் பூசுங்கள் என்று எல்லாரும் சொல்கிறார்கள். அது மோசமில்லை. சிக்குப் பிடிப்பது மெதுவாகத்தான். ஆனால் எத்தனை மாதம் ஆனாலும் மரத்துக்குள் உறையாமல் எண்ணெயாகவே இருக்கும், நாலு தடவை சோப்புப் போட்டால் போய்விடும். 24 டிகிரிக்குக் கீழே கட்டியாகி வெள்ளைப் படலம் தெரியும். ஊட்டி, கொடைக்கானலில் இது சகஜம். நல்லெண்ணெய், சூரியகாந்தி இரண்டும் பாதி உலர்ந்து பாதி உலராமல் பிசுபிசுவென்று தூசி பிடிக்கும். பிறகு வாடையும் வரும். இவற்றைப் பலகைக்குப் போட வேண்டாம். மெடிக்கல் ஷாப்பில் மலமிளக்கியாக விற்கிற லிக்விட் பாரஃபின் ஐபி என்ற நிறமில்லாத எண்ணெய்தான் எங்கள் தேர்வு. அது கெட்டுப்போவதில்லை, வாடை இல்லை, விலையும் கட்டுப்படியாகும். சுத்தமான ஆளிவிதை எண்ணெய் காற்றுப் பட்டு உண்மையிலேயே மரத்துக்குள் கெட்டியாகும். ஆனால் மெல்லிசாகப் பூசி, 20 நிமிஷத்தில் மிச்சத்தைத் துடைத்து, ஒவ்வொரு பூச்சுக்கும் வாரக்கணக்கில் காத்திருக்கப் பொறுமை வேண்டும். ஹார்டுவேர் கடையில் பெயின்ட்டோடு விற்கிற காய்ச்சிய லின்சீட் எண்ணெயில் சீக்கிரம் காய்வதற்காக உலோக உப்புகள் சேர்த்திருப்பார்கள், சமையலறைக்கு அது ஆகாது. ஆளிவிதை எண்ணெய் துடைத்த துணியைச் சுருட்டிக் குப்பைக்கூடையில் போடவே கூடாது. உலரும்போது சூடு கிளம்பித் தானாகவே தீப்பிடிக்கும். தண்ணீரில் நனைத்து, விரித்துக் காயவைத்துவிட்டுப் போடுங்கள்.

பூசுகிற விதம் இது. பலகை முழுக்கக் காய்ந்து இரண்டு நாள் ஆகியிருக்க வேண்டும், ஈரத்தின் மேல் எண்ணெய் பூசினால் ஈரத்தை உள்ளே பூட்டியதாகிவிடும். 30 செ.மீ.க்கு 20 செ.மீ. பலகைக்கு முதல் பூச்சில் 15 மி.லி. அளவுக்குப் பிடிக்கும். பாட்டிலை வெந்நீரில் ஐந்து நிமிஷம் வைத்துச் சூடாக்கினால் எண்ணெய் இளகி நன்றாக இறங்கும். இரண்டு பக்கமும் பூசி, குறுக்கு ஓரங்களில் மட்டும் உறிஞ்ச உறிஞ்சத் திரும்பத் திரும்பக் கொடுங்கள். ஒரு ராத்திரி விட்டு, காலையில் மேலே நிற்பதை அழுத்தித் துடைக்க வேண்டும். துடைக்காமல் விட்டதுதான் பிசுக்கு. புதுப் பலகைக்கு மூன்று நாள் இப்படி, பிறகு மாதம் ஒரு தடவை. நாள் கணக்கு பார்ப்பதைவிட ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டுப் பாருங்கள்: முத்தாக நின்றால் எண்ணெய் இருக்கிறது, பரவி உறிஞ்சப்பட்டால் பூசும் நேரம் வந்துவிட்டது. இன்னும் நாள்பட நிற்க வேண்டுமென்றால் நாலு பங்கு லிக்விட் பாரஃபினுக்கு ஒரு பங்கு தேன்மெழுகு. மெழுகு 62 முதல் 64 டிகிரியில் உருகும்; கொதிக்கும் தண்ணீருக்குள் கிண்ணம் வைத்து உருக்கினால் போதும், நேரடித் தீயில் வேண்டாம். உப்பு போட்டு வைக்கிற மரக்கிண்ணமான மரவைக்கு மட்டும் உள்ளே எண்ணெய் பூசாமல் விடுங்கள். காற்று ஈரம் 75 சதவீதத்தைத் தாண்டினால் உப்பு நீர்க்கத் தொடங்கும். அந்த நீரைக் குடித்துக்கொள்வதற்குத்தான் அங்கே மரமே இருக்கிறது.

புதிதாக வாங்கிய கரண்டியைத் தண்ணீரில் காட்டியதும் சொரசொரவென்று ரோமம் எழும்பும். மட்டமான மரம் என்று முடிவுகட்ட வேண்டாம், கடைசலிலும் இழைப்பிலும் அமுங்கிப் படுத்திருந்த நார் ஈரம் பட்டு நிமிர்கிறது. நனைத்து, ஒரு நாள் காயவிட்டு, 220 நம்பர் உப்புத்தாளால் லேசாக, நார் ஓடும் திசையிலேயே தேய்க்கவும். இப்படி மூன்று சுற்று, கடைசியில் 320. அதற்குப் பிறகு எழும்பாது. தேக்கு, சீசம் கரண்டியை முதல்முறை வெந்நீரில் போட்டால் தண்ணீர் டிக்காஷன் நிறமாகும். அது மரத்தின் துவர்ப்பு, இரண்டு மூன்று முறையில் குறைந்துவிடும். குறையாமல் சிவப்பும் கறுப்புமாக இறங்கிக்கொண்டே இருந்தால் சாயம் ஏற்றியது, திருப்பிக் கொடுத்துவிடலாம். கண்ணாடிபோல் மின்னுகிற கரண்டியும் அப்படித்தான். சன்னப்பட்டணம் பொம்மைகளில் ஏற்றுவது மாதிரி அரக்குப் பூச்சு, கடைசலில் உரசும் சூட்டிலேயே இளகிப் படிவது. கொதிக்கிற ரசத்தில் அது நிற்காது. வார்னிஷ் செதில் செதிலாக உரியும். அலங்காரத்துக்கு வைத்துக்கொள்ளலாம்.

ஐப்பசி, கார்த்திகை மழையில் மரத்தின் மேல் வெள்ளையாகவோ பச்சையாகவோ பூஞ்சணம் பூத்தால், உலர்ந்த பிரஷ்ஷால் வீட்டுக்குள் தட்டாதீர்கள், விதைகள் பறந்து மற்றதிலும் உட்காரும். தண்ணீர் கலக்காத வெள்ளை வினிகரில் நனைத்த துணியால் ஒற்றி எடுத்து, அரை மணி நேரம் விட்டு, கழுவி, வெயில் வந்த நாளில் காயவைத்து, 180, 220 உப்புத்தாள் போட்டு எண்ணெய் பூசுங்கள். உள்ளே இறங்கிய கரும்புள்ளி அப்படியே நிற்கும். நகத்தால் அழுத்தினால் அந்த இடம் அமுங்கவில்லை என்றால் நிறம் மட்டும்தான். அமுங்கினால் மரம் மக்கிவிட்டது.

குண்டூசித் தலையளவு ஓட்டையும், அதன் கீழே கோலமாவு மாதிரிப் பொடியும் கண்டால் உளு. ரப்பர் மரம், மாமரம், மூங்கில் இவற்றில் ஸ்டார்ச் அதிகம், வண்டுக்கு அதுதான் சாப்பாடு. வைரம் பாய்ந்த பகுதியை அது தொடாது, ஓரத்து வெள்ளைப் பகுதியைத்தான் தின்னும். மண்ணெண்ணெய், பூச்சி மருந்து எதுவும் சாப்பாட்டு மரத்தில் படக் கூடாது. சின்னக் கரண்டியென்றால் பத்து நிமிஷம் கொதிக்கிற தண்ணீரில் முழுக்கப் போட்டு எடுத்து நிழலில் காயவைக்கலாம். மரப்பெட்டிகளை உலகம் முழுக்க ஏற்றுமதிக்கு முன் நடுப்பகுதி வரை 56 டிகிரியில் 30 நிமிஷம் சூடாக்குவதும் பூச்சிக்காகத்தான். கொதிக்கவைக்க முடியாத பலகையை இரண்டு பிளாஸ்டிக் கவரில் காற்றுப் புகாமல் கட்டி, மைனஸ் 18 டிகிரி ஃப்ரீசரில் இரண்டு வாரம் விட்டு, எடுத்த பிறகு ஒரு நாள் கவரைப் பிரிக்காமல் வையுங்கள். இல்லாவிட்டால் மரத்தின் மேலேயே வேர்க்கும். அஞ்சறைப்பெட்டியில் பழுப்பு வண்டு ஓடினால் உடனே பெட்டியைச் சந்தேகிக்க வேண்டாம். அநேகமாக மல்லியிலோ மிளகாயிலோ வந்ததாக இருக்கும். சாமானைக் கொட்டி, பிரஷ்ஷால் மூலைகளைக் கூட்டி, உலர்ந்த துணியால் துடைத்து, காலை வெயிலில் திறந்து வைத்தால் போதும், அஞ்சறைப்பெட்டியைக் கழுவவே கூடாது. மழைக்காலத்தில் இழுப்பு மூடி சிக்கினால் ஓரத்தில் மெழுகுவத்தியைத் தேய்த்துவிடுங்கள். எண்ணெய் விட்டால் மசாலாத்தூள் ஒட்டிக்கொண்டு இன்னும் இறுகும்.

கரண்டியின் முனை கருகினால் 120 உப்புத்தாளால் ஆரம்பித்து, கருகல் போனதும் 180, 220 என்று ஏறி முடித்து எண்ணெய் பூசலாம். பலகையில் கத்திக் கோடு ஆழமாகி மாவு தங்கினால் தச்சரிடம் கொடுத்து இரண்டு பக்கமும் சமமாக இழைக்கச் சொல்லுங்கள். ஒரு பக்கம் மட்டும் இழைத்தால் வளையும். சாதம் சிக்குகிற விரிசல், கொதிக்கவைத்தும் போகாத வாடை, நகம் அமுங்குகிற மென்மை, இவற்றில் ஒன்று வந்தாலும் அந்தக் கரண்டியைச் சாப்பாட்டிலிருந்து விலக்கிவிடலாம். கைப்பிடி மட்டும் கெட்டியாக இருந்தால் அறுத்து எடுத்து வையுங்கள். பல வருஷம் காய்ந்த மரம் அது. அரிவாள்மணை ஆடும்போது ஆப்பு சீவ அதைவிட நல்ல துண்டு கிடைக்காது.